விண்வெளி ஒற்றர்

மாற்றாரின் வலிமையை உள்ளவாறு அறிதல் அரசின் தலையாய கடமைகளுள் ஒன்றாகும். அதற்குரிய கருவி ஒற்று என்பது பண்டையோர் துணிபு. திருவள்ளுவரும் பொருட்பாலில் ஒற்றாடல் என ஓர் அதிகாரம் வகுத்துள்ளார். முற்காலத்து ஒற்றர் துறவியர் போலவும் வணிகர் போலவும் வேடம் பூண்டு அயல்நாடு புகுந்தனர்; கண்டவற்றைத் தம் அரசனுக்கு வந்து உரைத்தனர். இருபதாம் நூற்றாண்டில் அப்பணியின் பெரும்பகுதியைப் பூமியைச் சுற்றிவரும் செயற்கைத் துணைக்கோள் மேற்கொண்டது. அது தோன்றி வளர்ந்த வரலாறு அறியத்தக்கது.

இரண்டாம் உலகப் போர் 1945 ஆம் ஆண்டில் முடிவுற்றது. அதன்பின் அமெரிக்க ஐக்கிய நாடுகளும் சோவியத் நாடும் ஒன்றையொன்று ஐயுற்று நோக்கலாயின. இரண்டும் அணுகுண்டு உடையன. சோவியத் நாடு மிகப் பரந்தது. அயலார் எளிதிற் புகுந்து காண இயலாதது. அங்கே குண்டு வீசும் விமானங்கள் எத்தனை, ஏவுகணைகள் எத்தனை என்பதை அமெரிக்கர் தெளிவாக அறிந்திலர். அறியாமை அச்சத்தை வளர்த்தது; அச்சம் படைக்கலங்களைப் பெருக்கியது. இந்நிலையை மாற்றக் கருதிய அமெரிக்கக் குடியரசுத் தலைவர் ஐசனோவர், 1955 ஆம் ஆண்டு ஜூலைத் திங்களில் ஜெனிவா நகரில் ஒரு கருத்தினை வெளியிட்டார். இரு நாட்டாரும் ஒருவர் நாட்டின்மீது மற்றவர் பறந்து படம் பிடிக்க இசையலாம் என்பதே அக்கருத்து. சோவியத் தலைவர்கள் அதனை ஏற்கவில்லை.

இசைவு கிட்டாமையால் அமெரிக்கர் மறைவழியை நாடினர். யூ-2 என்னும் விமானம் ஏறத்தாழ 70,000 அடி உயரத்தில் பறந்து, 1956 ஆம் ஆண்டு முதல் சோவியத் நாட்டைப் படம் பிடித்தது. 1957 ஆம் ஆண்டு அக்டோபர் 4 ஆம் நாள் சோவியத் அறிஞர் ஸ்புட்னிக் என்னும் முதற் செயற்கைத் துணைக்கோளை விண்ணில் ஏவினர். அதனைச் சுமந்து சென்ற இராக்கெட்டு, கடல் கடந்தும் அணுகுண்டைச் சுமந்து செல்ல வல்லது என்பதை உணர்ந்த அமெரிக்க மக்கள் திடுக்கிட்டனர். ஏவுகணைகளில் தம் நாடு பின்தங்கிவிட்டது என்ற பேச்சு எங்கும் எழுந்தது. எனினும் ஸ்புட்னிக் பல நாடுகளின் மேலாகச் சென்றபோது, தம் எல்லையை அது மீறியதாக எந்நாடும் முறையிடவில்லை. விண்வெளி எல்லார்க்கும் பொதுவழி என்னும் வழக்கம் இவ்வாறு தோன்றியது. விமானத்திற்கோ அவ்வுரிமை இல்லை. 1960 ஆம் ஆண்டு மே முதல் நாள் யூ-2 விமானம் ஒன்றைச் சோவியத் படையினர் சுட்டு வீழ்த்தினர். அதனை ஓட்டிய பவர்ஸ் சிறைப்பட்டார். அந்நாட்டின்மீது யூ-2 பறப்பதும் அன்றோடு நின்றது.

ஆயினும், துணைக்கோளிலிருந்து படம் பிடிக்கும் முயற்சி முன்னரே தொடங்கப்பட்டிருந்தது. 1958 ஆம் ஆண்டு பிப்ரவரித் திங்களில் ஐசனோவர் அதற்கு இசைவளித்தார். கொரோனா என்பது அதன் மறைபெயர். அறிவியல் ஆராய்ச்சிக்குரிய டிஸ்கவரர் என்றே உலகிற்கு அது அறிவிக்கப்பட்டது. அக்காலத்தில் தெளிவான படங்களை விண்ணிலிருந்து வானொலி அலைகளால் அனுப்புவது அரிது. ஆகவே படச்சுருளையே பூமிக்கு இறக்க வேண்டியிருந்தது. எடுத்து முடிந்த சுருள் ஓர் உறையினுள் சுற்றப்படும். உறை துணைக்கோளினின்று பிரிந்து, காற்று மண்டலத்தின் வெப்பத்தைத் தாங்கி இறங்கும். பின்னர் வான்குடை விரியும். பசிபிக் கடலின் மேல் காத்திருக்கும் விமானம், தன் பின்னே தொங்கும் கொக்கிகளால் அதனை வானிலேயே பற்றிக்கொள்ளும். தப்பிக் கடலில் விழுந்தால் உறை சிறிது காலம் மிதக்கும். எவரும் எடுக்காவிடின், அதிலுள்ள உப்பு அடைப்பு கரைந்து நீர் புக, பிறர் கைக்குச் சிக்காமல் மூழ்கிவிடும்.

இத்திட்டம் எளிதில் நிறைவேறவில்லை. 1959 ஆம் ஆண்டு பிப்ரவரி முதல் ஏவப்பட்ட பன்னிரண்டு கலங்களும் கருதிய பயனைத் தரவில்லை. ஒரு கலத்தின் உறை பசிபிக் கடலில் இறங்காமல் வடதுருவத்தை அடுத்த ஸ்பிட்ஸ்பெர்கன் பகுதியில் இறங்கியது. மற்றொன்றின் உறை கீழே வருவதற்கு மாறாக மேலும் உயரச் சென்றது. காற்றற்ற வெளியில் படச்சுருள் மொறுமொறுப்புற்று முறிந்தது. அதற்கென உறுதி மிக்க வேறுவகைச் சுருள் செய்யப்பட்டது. ஒவ்வொரு தோல்வியின் காரணமும் ஆராயப்பட்டது, குறை நீக்கப்பட்டது. பதின்மூன்றாம் கலத்தின் உறை 1960 ஆம் ஆண்டு ஆகஸ்டு 11 ஆம் நாள் கடலினின்று எடுக்கப்பட்டது. அதில் படச்சுருள் இல்லை. அமெரிக்கக் கொடி ஒன்றே இருந்தது. பூமியைச் சுற்றிய பின் மீட்கப்பட்ட முதற்பொருள் அதுவே.

எட்டு நாள் கழித்துப் பதினான்காம் கலத்தின் உறை இறங்கியது. விமானி மிட்செல் இருமுறை முயன்று தவறவிட்டார். மூன்றாம் முறை வானிலேயே அதனைப் பற்றினார். அதனுள் இருந்த படச்சுருளின் எடை ஏறத்தாழ 20 இராத்தல். சோவியத் நாட்டின் 16 இலட்சம் சதுர மைலுக்கு மேற்பட்ட பரப்பு அதில் பதிந்திருந்தது. நான்கு ஆண்டுகளாக யூ-2 விமானங்கள் எடுத்த படங்கள் அனைத்தும் சேர்ந்தும் அத்துணைப் பரப்பைக் காட்டவில்லை.

அடுத்தடுத்து வந்த படங்கள் உண்மையை வெளிப்படுத்தின. சோவியத் நாட்டில் நூற்றுக்கணக்கான நெடுந்தொலைவு ஏவுகணைகள் இருக்கும் என்று அஞ்சியவர் பலர். 1961 ஆம் ஆண்டு செப்டம்பரில் அமெரிக்க உளவுத் துறையினர் வகுத்த மதிப்பீடோ, அவற்றை ஏவும் தளங்கள் 10 முதல் 25 வரையே என்றது. பின்தங்கியதாகக் கருதப்பட்ட நாடே உண்மையில் முன்நின்றது.

சோவியத் நாட்டாரும் வாளா இருந்திலர். ககாரினை ஏற்றிச் சென்ற வோஸ்தோக் கலத்தின் அமைப்பைத் தழுவி ஜெனித் என்னும் ஒற்றுத் துணைக்கோளை அவர்கள் இயற்றினர். 1962 ஆம் ஆண்டு ஏப்ரலில் ஏவப்பட்ட காஸ்மாஸ் 4 அவ்வகையில் முதல் வெற்றி கண்டது. அமெரிக்கரின் முதற்படங்கள் ஏறத்தாழ 40 அடி அளவுள்ள பொருள்களையே காட்டின. கொரோனா 1972 ஆம் ஆண்டில் முடிவுறுமுன் 6 அடி அளவுள்ளவையும் புலப்பட்டன. 1976 ஆம் ஆண்டு டிசம்பரில் ஏவப்பட்ட கே.எச்-11 என்னும் துணைக்கோள் படச்சுருளையே நீக்கியது. அது படங்களை மின்குறிகளாக மாற்றி, எடுத்த சிறு பொழுதிலேயே அனுப்பியது.

இவ்வளர்ச்சியால் விளைந்த நன்மை ஒன்று உண்டு. 1972 ஆம் ஆண்டு மே 26 ஆம் நாள் மாஸ்கோவில் இரு நாட்டாரும் படைக்கலங்களுக்கு எல்லை வகுத்து உடன்படிக்கை செய்தனர். அதனைக் காக்கின்றனரா என்பதைத் தத்தம் கருவிகளால் கண்டறியவும், அக்கருவிகளுக்கு இடையூறு செய்யாதிருக்கவும் இசைந்தனர். ஜெனிவாவில் மறுக்கப்பட்ட கருத்து, பதினேழு ஆண்டுகளுக்குப்பின் வேறு வடிவில் ஏற்கப்பட்டது. 1995 ஆம் ஆண்டில் கொரோனாவின் 8 இலட்சத்திற்கு மேற்பட்ட படங்கள் மறைவு நீங்கி வெளியாயின. சிரியாவில் மண்மூடிய பண்டைய வழிகளைத் தொல்பொருள் அறிஞர் அவற்றால் கண்டறிந்தனர்.

எனினும் இக்கண்ணுக்கும் எல்லை உண்டு. மேகம் மறைத்த நிலம் ஒளிப்படக் கருவிக்குப் புலப்படாது. கூரையின்கீழ் உள்ளதும் தெரியாது. ஏவுகணைகள் எத்தனை என்று அது எண்ணிச் சொல்லும். அவற்றை ஏவும் அதிகாரம் உடையார் உள்ளத்தில் இருப்பது பகையா, அச்சமா என்பதைச் சொல்லாது. அதன் படம் போர் தொடுப்பார்க்குக் குறி காட்டவும் உதவும். அமைதி காப்பார்க்குச் சான்று பகரவும் உதவும். எதற்குப் பயன்படுத்துவது என்பது படத்தைக் கையில் வைத்திருப்போரின் அறிவையும் அறத்தையும் பொறுத்தது.