இரண்டாமிடம் பெற்ற இசைச்செல்வி

தேர்வு முடிவு வெளியாகும் நாளில் நம் வகுப்பறைகளில் ஒரு காட்சியைக் காண்கிறோம். முதலிடம் பெற்ற மாணவியைச் சுற்றித் தோழியர் கூட்டம் நிற்கும். இருபதாம் இடம் பெற்றவள்கூடச் சிரித்துப் பேசிக்கொண்டிருப்பாள். இரண்டாமிடம் பெற்றவள் மட்டும் மேசைமேல் தலை கவிழ்ந்திருப்பாள். இரண்டே மதிப்பெண்ணில் போயிற்றே என்ற ஏக்கம் அவளுக்கு. மாலையில் வீட்டிற்குப் போனாலும், "முதலிடம் யாருக்கு?" என்பதே அவள் செவியில் விழும் முதற் கேள்வி.

இரண்டாமிடம் என்பது தோல்விதானா? இக்கேள்விக்கு விடை தேடி நாம் சற்று இசையுலகிற்குச் சென்று வருவோம். பல்கேரிய நாட்டு வயலின் கலைஞர் ஸ்டோய்கா மிலனோவாவின் வரலாற்றில் அதற்கு நல்லதொரு விடை இருக்கிறது.

காதே ஆசான்

ஐரோப்பாவின் தென்கிழக்கில், கருங்கடலின் மேற்குக் கரையில் அமைந்தது பல்கேரியா. ரோஜாத் தோட்டங்களுக்கும், அம்மலர்களிலிருந்து வடித்தெடுக்கும் நறுமண எண்ணெய்க்கும் பேர்போன நாடு அது. அங்கே மரித்சா ஆற்றங்கரையில், குன்றுகளுக்கிடையே பிலோவ்டிவ் என்னும் பழம்பெரும் நகரம் உள்ளது. 1945-ஆம் ஆண்டில் அந்நகரில் ஸ்டோய்கா பிறந்தார். அவருடைய தந்தை டிரெண்டபில் மிலனோவ் ஒரு வயலின் ஆசிரியர். மகளுக்கு முதல் ஆசிரியரும் அவரே.

வயலினைப் பற்றி இங்கே ஒரு செய்தியை நாம் அறிந்துகொள்ள வேண்டும். நம் கலைஞர்கள் தரையில் அமர்ந்து, வயலினின் தலைப்பகுதியைக் காலில் ஊன்றி வாசிப்பார்கள். மேல்நாட்டுக் கலைஞர்களோ நின்றுகொண்டு, தோளுக்கும் தாடைக்கும் இடையே அதைத் தாங்கி வாசிப்பார்கள். எப்படி வாசித்தாலும் ஒரு தன்மை மாறாது. வீணையில் உள்ளதுபோல் வயலினில் மெட்டுகள் கிடையா. விரலை எங்கே வைப்பது என்பதற்கு அடையாளம் எதுவும் இல்லை. நூலளவு விலகினாலும் சுருதி பிசகிவிடும். பிசகியதைக் கண்டு சொல்ல வேண்டியது வாசிப்பவரின் காதுதான். ஆகையால் வயலின் பயிற்சியில் கைக்கு உள்ள வேலையைக் காட்டிலும் காதுக்கு உள்ள வேலை பெரிது. தந்தையிடம் அடிப்படையைக் கற்ற ஸ்டோய்கா, பின்னர் மாஸ்கோ இசைக் கல்லூரிக்குச் சென்றார். அங்கே அவருக்கு ஆசிரியராக வாய்த்தவர் உலகப் புகழ்பெற்ற டேவிட் ஓய்ஸ்ட்ராக்.

ஆசிரியரும் ஒருநாள் இரண்டாமவர்

1935-ஆம் ஆண்டு போலந்து நாட்டின் தலைநகரான வார்சாவில் வீனியாவ்ஸ்கி பெயரால் வயலின் போட்டி நடந்தது. ஓய்ஸ்ட்ராக்கிற்கு அப்போது வயது 26. சோவியத் நாட்டில் ஏற்கெனவே பேர்பெற்ற கலைஞர். அவர் இரண்டாம் பரிசையே பெற்றார். முதற் பரிசைத் தட்டிச் சென்றவர் யார் தெரியுமா? ஜினெட் நெவோ என்னும் பிரெஞ்சுச் சிறுமி. வயது 15!

அந்தச் சிறுமியும் எல்லாப் போட்டிகளிலும் வென்றவர் அல்லர். அதற்கு முன் வியன்னாவில் நடந்த போட்டியில் அவருக்குக் கிடைத்தது நான்காம் இடம். ஆனால் அங்கே அவர் வாசித்ததைக் கேட்ட கார்ல் பிளெஷ் என்னும் பேராசிரியர், கட்டணம் இல்லாமலேயே அவருக்குக் கற்பிக்க முன்வந்தார். பட்டியலில் நான்காவதாக இருந்த பெயரில் முதல்தரமான கலைஞரைக் கண்டுகொண்டது அந்த ஆசிரியரின் காது.

ஒரு சிறுமியிடம் தோற்ற ஓய்ஸ்ட்ராக் என்ன செய்தார்? நடுவர்களைக் குறை கூறினாரா? இல்லை. தம் மனைவிக்கு எழுதிய கடிதத்தில், அந்தப் பெண்ணின் ஆற்றல் அசாத்தியமானது என்று ஒப்புக்கொண்டார். முதற் பரிசு அவருக்குப் போகாமல் இருந்தால் அதுவே அநீதியாகும் என்றும் எழுதினார். ஊர் பார்க்கச் சொன்ன சொல் அன்று அது. தம் வீட்டாருக்கு உள்ளம் திறந்து எழுதியது. தம்முடைய வாசிப்பில் நூலளவு பிசகைக் கண்டுபிடிக்கும் அதே காதுதான், பிறர் வாசிப்பில் உள்ள மேன்மையையும் அவருக்கு எடுத்துச் சொல்லிற்று.

இரண்டு ஆண்டுகள் கழித்து, 1937-இல், பெல்ஜிய நாட்டின் பிரஸ்ஸல்ஸ் நகரில் இசாயீ பெயரால் நடந்த போட்டியில் ஓய்ஸ்ட்ராக் முதற் பரிசு பெற்றார். உலகப் போருக்குப் பின் 1951-இல் அப்போட்டி மீண்டும் தொடங்கியபோது, அரசி எலிசபெத்தின் பெயரைப் பெற்றது. வயலின் வாசிக்கத் தெரிந்த பெல்ஜிய அரசி அவர்.

வெளியுலகத் தொடர்பற்ற ஒரு வாரம்

இந்த அரசி எலிசபெத் போட்டிக்குத்தான் 1967-இல் ஸ்டோய்கா மிலனோவா சென்றார். அப்போட்டியின் இறுதிச் சுற்றில் ஒரு கடுமையான விதி உண்டு. இறுதிச் சுற்றுக்குத் தேர்வான 12 பேரும் வாட்டர்லூவில் உள்ள ஓர் இசை இல்லத்தில் தங்க வேண்டும். அதுவரை வெளிவராத புதிய இசைப்படைப்பு ஒன்று அவர்கள் கையில் தரப்படும். ஏறத்தாழ ஒரு வாரத்தில் அதைத் தாமாகவே கற்றுக்கொள்ள வேண்டும். வீட்டாருடன் பேச முடியாது. ஆசிரியரிடம் ஐயம் கேட்க முடியாது. இத்தனை நாளும் கற்றது உண்மையிலேயே தம்முடையதாகிவிட்டதா என்பதை அந்த ஒரு வாரம் காட்டிவிடும். ஆசிரியர் பக்கத்தில் இல்லாத வேளையில் துணை நிற்பது, அவர் பழக்கிவிட்ட காது ஒன்றே.

முடிவு வந்தது. முதற் பரிசு ரீகா நகரில் பிறந்த பிலிப் ஹிர்ஷ்ஹார்னுக்கு. இரண்டாம் பரிசு ஸ்டோய்கா மிலனோவாவுக்கு. மூன்றாம் பரிசு கிடான் கிரேமருக்கு. இரண்டாமவரும் மூன்றாமவரும் ஓய்ஸ்ட்ராக்கின் மாணவர்கள். எந்தப் போட்டியில் 30 ஆண்டுகளுக்கு முன் ஆசிரியர் முதலிடம் பெற்றாரோ, அதே போட்டியில் மாணவிக்குக் கிடைத்தது இரண்டாமிடம். இரண்டாமிடத்தின் சுவையை வார்சாவிலேயே அறிந்திருந்த ஓய்ஸ்ட்ராக்கைவிட அம்மாணவிக்குத் தக்க ஆசிரியர் வேறு யார் இருக்க முடியும்?

மூன்று ஆண்டுகளுக்குப் பின்

ஸ்டோய்கா வயலினைப் பெட்டியில் வைத்துப் பூட்டிவிடவில்லை. 1970-இல் இலண்டன் மாநகரில் கார்ல் பிளெஷ் பெயரால் நடந்த பன்னாட்டுப் போட்டியில் கலந்துகொண்டு முதற் பரிசு பெற்றார். பிளெஷ் யார் என்பது நமக்கு நினைவிருக்கும். ஓய்ஸ்ட்ராக்கை வென்ற சிறுமி நெவோவுக்குக் கற்பித்தவர் அவரே. அந்த ஆசிரியரின் பெயரால் அமைந்த பரிசு, ஓய்ஸ்ட்ராக்கின் மாணவி கைக்கு வந்து சேர்ந்தது. கதையாசிரியர் ஒருவர் கற்பனை செய்ததைப் போலத் தோன்றினாலும் இது நடந்த வரலாறு. அதே 1970-இல் மூன்றாமவரான கிரேமரும் மாஸ்கோவில் சைக்கோவ்ஸ்கி போட்டியில் முதற் பரிசு பெற்றார். பின்னாளில் உலகின் தலைசிறந்த வயலின் கலைஞர்களுள் ஒருவராக விளங்கினார்.

பல நாட்டு மேடைகளில் வாசித்த ஸ்டோய்கா, இசைத்தட்டுகளும் பதிவு செய்தார். அவற்றுள் புகழ்பெற்றது, இரஷ்ய இசையமைப்பாளர் புரோகோபியெவ் இயற்றிய இரண்டு கன்சர்ட்டோக்களின் பதிவு. தனி இசைக்கருவி ஒன்று பெரிய இசைக்குழுவுடன் சேர்ந்து வாசிக்கும் படைப்புக்குக் கன்சர்ட்டோ என்று பெயர். இவற்றுள் முதலாவது 1923-இல் பாரிஸிலும், இரண்டாவது 1935-இல் மத்ரித்திலும் முதன்முதலாக அரங்கேறின. முதலாவது மெல்லிய குரலில் தொடங்கி, மெல்லிய குரலிலேயே முடியும். இரண்டாவதில் இசைக்குழு மௌனமாயிருக்க, வயலின் மட்டும் தன் தடித்த தந்தியில் தனியாகத் தொடங்கும். இப்படைப்புகளில் வேகம் காட்டினால் மட்டும் போதாது. சுற்றியிருப்பவர்களின் ஒலியைக் கேட்டு, அதனுடன் இணைந்து செல்லத் தெரிய வேண்டும். இந்தப் புரோகோபியெவ் ஓய்ஸ்ட்ராக்கின் நண்பர் என்பதும், 1937-இல் மாஸ்கோவில் இருவரும் சதுரங்கப் பந்தயம் ஆடினார்கள் என்பதும் சுவையான செய்திகள்.

நாம் கற்பது என்ன?

முயன்றால் அடுத்த முறை முதலிடம் கிடைத்துவிடும் என்பதுதான் இவ்வரலாறு தரும் பாடம் என்று எண்ணிவிட வேண்டாம். எல்லாருக்கும் அப்படிக் கிடைப்பதில்லை. இடம் என்பது அன்றைய வாசிப்பின் அளவு, அவ்வளவே. வியன்னாவில் நான்காமவர் வார்சாவில் முதல்வரானார். வார்சாவில் இரண்டாமவர் ஒரு தலைமுறைக்கே ஆசானானார்.

நாம் மனத்தில் இருத்த வேண்டியது அந்தக் காதைத்தான். பிறர் நன்றாகச் செய்ததை நன்று என்று கேட்டறியும் காது யாருக்கு உண்டோ, அவருக்குத் தம் பிழையும் கேட்கும். பொறாமை புகுந்த காதுக்கு இரண்டுமே கேட்பதில்லை. அதனால்தான் பொறாமை கொண்டவர் வளர்வதும் இல்லை.

பெற்றோர்களே! அடுத்த முறை மதிப்பெண் பட்டியல் வீட்டிற்கு வரும்போது, "முதலிடம் யாருக்கு?" என்று கேட்குமுன் "எந்தப் பாடம் உனக்குப் பிடித்தது? எங்கே பிசகிற்று?" என்று கேட்டுப் பாருங்கள். பிலோவ்டிவ் நகரத் தந்தையைப்போல் நீங்களும் பிள்ளையின் முதல் ஆசிரியர் ஆவீர்கள்.

தோழியரே! முடிவு வெளியாகும் நாளில் நாம் இரண்டாமிடத்தில் இருந்தால், முதலில் எழுந்து சென்று முதலிடம் பெற்றவளின் கையைப் பற்றுவோம். அந்தக் கடினமான கணக்கை அவள் எப்படிப் போட்டாள் என்று கேட்டுக் கற்றுக்கொள்வோம். பிறகு நம் இடத்திற்கு வந்து புத்தகத்தைத் திறப்போம்.