ஒரு நாளைக்கு ஒரு வாக்கு

நல்ல வாக்குகளுக்கு நம் நாட்டில் பஞ்சமில்லை. சுவரில் தொங்கும் தினசரி காலண்டரில் தேதிக்குக் கீழே ஒரு பொன்மொழி. சேலத்திலிருந்து நாமக்கல் போக அரசுப் பேருந்தில் ஏறினால் அங்கே ஒரு திருக்குறள். பொழுது விடியுமுன் கைப்பேசியில் வந்து குவியும் வாசகங்களோ எண்ணிலடங்கா. முன்னோர் ஓலைச் சுவடிகளில் தேடிப் படித்தவை இன்று கேளாமலே நம் கைக்கு வருகின்றன. ஆயினும் வீட்டில் சண்டை குறைந்ததா? வரப்புத் தகராறு தீர்ந்ததா? காலையில் காலண்டர் தாளைக் கிழிக்கும்போது அதிலுள்ள வாக்கையும் சேர்த்தே கிழித்து எறிகிறோம். குறை வாக்குகளில் இல்லை. அவற்றை நாம் உட்கொள்ளும் விதத்தில் இருக்கிறது. அவ்விதம் எப்படியிருக்க வேண்டுமென்று சற்றுப் படிப்போம்.

முதலாவது: ஒன்றை மட்டும் எடுத்துக்கொள்ள வேண்டும்.

திருக்குறளில் 133 அதிகாரங்கள்; 1330 குறள்கள்; ஒவ்வொன்றிலும் ஏழே சீர்கள். நாளுக்கு ஒன்றாகப் படித்தால் முடிக்க மூன்றரை ஆண்டுக்கு மேலாகும். அவ்வளவு காலமா என்று மலைக்க வேண்டாம். ஏழு சீரில் சுருக்கி வைத்தது, நாம் நின்று விரித்துப் பார்ப்பதற்காகவே அன்றோ?

வீரமாமுனிவர் அப்படி நின்று பார்த்தவர். 1680-ல் இத்தாலியில் பிறந்து, சேசு சபைக் குருவாகத் தமிழ்நாட்டுக்கு வந்து, அர்ச். சூசையப்பர்மேல் தேம்பாவணி பாடியவர் அவர். 1730-ல் அவர் அறத்துப்பாலையும் பொருட்பாலையும் இலத்தீனில் மொழிபெயர்த்தார். மொழிபெயர்ப்பவர் வேகமாய் ஓட முடியாது. ஒவ்வொரு சொல்லையும் நிறுத்தி, அது என்ன சொல்லுகிறதென்று கேட்டாக வேண்டும். அவ்விரு பாலும் சேர்ந்து 1080 குறள்கள். அயல்நாட்டுக் குருவானவர் அத்தனை முறை நின்றாரென்றால், இம்மொழியைத் தாய்ப்பாலோடு பெற்ற நாம் நாளுக்கு ஒருமுறையேனும் நிற்கலாகாதா?

இரண்டாவது: மென்று தின்ன வேண்டும்.

12-ம் நூற்றாண்டில் குய்கோ என்னும் கர்த்தூசிய சபைத் துறவி, வேத வாசகத்தைத் தியானிக்கும் முறையை நான்கு படிகளுள்ள ஏணியாக விளக்கினார்: வாசித்தல், தியானித்தல், செபித்தல், சர்வேசுரனுடைய சமுகத்தில் இளைப்பாறுதல். வாசிப்பு உணவை வாயில் இடுவது போலவும், தியானம் அதை மெல்லுவது போலவும் அவர் ஒப்பிட்டார். நம்மில் பலர் முதற்படியிலேயே நின்றுவிடுகிறோம். வாயிலிட்டதை மெல்லாமல் விழுங்கினால் உடம்பில் ஒட்டுமா?

ஓர் உதாரணம் பார்ப்போம். திருக்குறளின் பத்தாவது அதிகாரம் ‘இனியவை கூறல்.’ அதன் கடைசிக் குறளில், இனிய சொல் இருக்கக் கடுஞ்சொல் பேசுகிறவனை, பழுத்த பழம் அருகிலிருக்கக் காயைப் பறித்துத் தின்பவனுக்கு வள்ளுவர் ஒப்பிடுகிறார். மாம்பழத்துக்குப் பேர்போன சேலத்துக்காரருக்கு இதை விளக்கவும் வேண்டுமோ? கூடை நிறைய மல்கோவா இருக்க, மாவடுவைக் கடித்து முகம் சுளிப்பவனை நாம் பைத்தியக்காரன் என்போம்.

இனி இதை மெல்லுவோம். காயைத் தின்றால் முதலில் புளிப்பது யாருக்கு? தின்றவனுக்கே. அப்படியே, கடுஞ்சொல் கேட்டவனைச் சுடுமுன் பேசினவன் நெஞ்சைக் கசப்பாக்குகிறது. மேலும், பழம் எங்கோ தூரத்தில் இல்லை. கைக்கு எட்டும் இடத்திலேயே இருக்கிறது. இனிய சொல் தெரியாமலா நாம் கடுமையாகப் பேசுகிறோம்? விருந்தாளியிடம் பேசும் அதே வாய்தானே வீட்டாரிடமும் பேசுகிறது!

மூன்றாவது: இன்று யாரிடம் என்று கேட்க வேண்டும்.

லாரியோட்டி எட்டுநாள் கழித்து வீடு திரும்பும் தகப்பன், வாசலில் ஓடிவரும் பிள்ளையிடம் முதலாவது கேட்பது மதிப்பெண்ணையா? தறிச்சத்தத்தில் நாளெல்லாம் உழைத்த அலுப்பை மருமகள்மேல் காட்டுகிறோமா? கோழிப்பண்ணையில் வேலைக்கு வந்தவரை நாம் எப்படி அழைக்கிறோம்? பிள்ளை ஒருநாளில் விலகிப் போவதில்லை. கடுஞ்சொல்லை நாள்தோறும் கேட்டுக் கேட்டே, மனம் திறந்து பேசுவதை நிறுத்துகிறது. பின்பு அதன் துன்பம் நமக்குத் தெரியாமலே போய்விடுகிறது. ஆகையால் ‘எல்லாரிடமும் இனிமையாகப் பேசுவேன்’ என்று பொதுவாகச் சொல்லாமல், ‘இன்று இன்னாரிடம்’ என்று ஒரு பெயரை மனதில் குறித்துக்கொள்ளுங்கள்.

நான்காவது: சொன்னவர் யாரென்று விசாரிக்க வேண்டும்.

பெரியோர் பெயரைப் போட்டு யாரும் எதையும் பரப்பும் காலம் இது. அர்ச். பிரான்சிஸ்கு அசீசியாருடையதென்று நாம் சொல்லும் சமாதான செபத்தையே எடுத்துக்கொள்வோம். 1226-ல் மரித்த அவருடைய எழுத்துக்களில் அது காணப்படவில்லை. 1912-ல் பாரிஸ் நகரில் ஒரு சிறு பத்திரிகையில், எழுதியவர் பெயரின்றி வெளியானதே நமக்குத் தெரிந்த அதன் முதற் பதிப்பு. இதனால் அந்தச் செபம் மதிப்பிழந்துவிடாது. உண்மை யார் வாயிலிருந்து வந்தாலும் உண்மையே. ஆனால் சொல்லாததைச் சொன்னதாகப் பரப்புவது பொய்யாகும். யார் சொன்னதென்று நிச்சயம் தெரியாவிடில், பெயரைச் சேர்க்காமல் விடுவதே நேர்மை.

ஐந்தாவது: மாலையில் கணக்குப் பார்க்க வேண்டும்.

1548-ல் பாப்பரசர் மூன்றாம் சின்னப்பர் அங்கீகரித்த ஞானப் பயிற்சிகளில் அர்ச். இஞ்ஞாசியார் ஓர் எளிய வழி கற்பிக்கிறார். திருத்த வேண்டிய ஒரு குறையைக் காலையில் நினைத்துக்கொள்வது. மதியத்திலும் இரவிலும் எத்தனை முறை தவறினோம் என்று கோட்டின்மேல் புள்ளி வைப்பது. நேற்றோடு இன்றையும், சென்ற வாரத்தோடு இவ்வாரத்தையும் ஒப்பிட்டுப் பார்ப்பது. பால்கணக்கைக் காலண்டரில் குறித்து வைக்கும் இல்லத்தரசிகளுக்கு இது கடினமன்று.

குடும்பத்தில் இவ்வாரம் செய்யவேண்டியது: காலையில் ஒரு பிள்ளை ஒரு வாக்கை உரக்க வாசிக்கட்டும், வேதாகமமோ குறளோ, ஒன்று போதும். இரவு ஜெபமாலைக்குப் பின், அது இன்று எங்கே உதவிற்று என்று அவரவர் ஒரே வார்த்தையில் சொல்லட்டும். பெரியவர்களும் சொல்ல வேண்டும், பிள்ளைகள் கேட்டுக்கொண்டிருப்பார்கள்.

பெத்லெகேமில் இடையர்கள் வந்து அறிவித்துப் போனதைத் தேவமாதா மறந்துவிடவில்லை; மனதில் வைத்து ஆராய்ந்து வந்தார்களென்று அர்ச். லூக்காஸ் தெரிவிக்கிறார். நாளைக் காலை காலண்டர் தாளைக் கிழிக்குமுன், ஒரு நிமிஷம் நாமும் நிற்போமாக.