பரீட்சார்த்தப் பதிப்பும் கடைக் கணக்கும்

விண்டோஸ் 10க்கான பொது ஆதரவை மைக்ரோசொப்ட் 2025 ஒக்டோபர் 14இல் நிறுத்தியது. புதிய பதிப்புக்கு மாற எண்ணும் ஹெவ்லொக் டவுன் வியாபாரி ஒருவர் கேட்கிறார்: "வெளியீட்டுக்கு முந்திய பதிப்பு இலவசமாகக் கிடைக்கிறது, புது வசதிகளும் முதலில் அதில்தான் வருகின்றன. கடைக் கணினியில் போடலாமா?"

கணக்கு இருக்கும் கணினியில் போட வேண்டாம்.

2009 ஜனவரியில் வெளிவந்த விண்டோஸ் 7 பரீட்சார்த்தப் பதிப்பை எடுத்துக்கொள்வோம். அதன் வசதிகள் ஆசையூட்டுபவைதாம். ஒரு சாளரத்தைத் திரையின் ஓரத்துக்கு இழுத்தால் பாதித் திரையில் ஒட்டிக்கொள்ளும். ஒரு பக்கம் பில், மறுபக்கம் இருப்புக் கணக்கு என வைத்துச் சரிபார்க்கலாம். கடைக்காரருக்கு இதைவிட என்ன வேண்டும்?

ஆனால் அதே பதிப்பு, சில எம்பீ3 கோப்புகளின் தொடக்கத்தில் சில விநாடிகளை நிரந்தரமாக வெட்டிவிட்டது. பயான் பதிவாயின் ஸலாமே போயிருக்கும்! திருத்தம் உடனே வந்தது. வெட்டுப்பட்டது திரும்பவில்லை.

அதற்குக் கெடுவும் இருந்தது. 2009 ஜூலை 1 முதல் கணினி இரண்டு மணித்தியாலத்துக்கு ஒருமுறை தானாக நிற்கும். ஓகஸ்ட் 1இல் காலாவதி. அவ்வருட நோன்பு ஓகஸ்ட் பிற்பகுதியில் தொடங்கியது. பெருநாள் சரக்கு இறக்கும் நேரத்தில் பில் அடிக்கும் கணினி இப்படி நின்றால் என்னாகும்?

முழுமையாக வெளியான பதிப்பும் தவறலாம். 2018 ஒக்டோபரில் விண்டோஸ் 10 புதுப்பிப்பொன்று சிலரின் கோப்புகளை அழித்ததால், சில நாட்களில் இடைநிறுத்தப்பட்டது. பரீட்சித்தவர்கள் சிலர் முன்பே முறையிட்டிருந்தும் அது கவனிக்கப்படாமல் போயிருந்தது.

தவணைக் கடனை எழுதிவைக்குமாறு அல்குர்ஆன் (2:282) பணிக்கிறது. கடன் கொப்பி இன்று கணினிக்குள் இருக்கிறது. யார் எவ்வளவு தரவேண்டும், ஸகாத் எவ்வளவு என்பதெல்லாம் அதிலேயே. அது பிறர் உரிமையும் சேர்ந்த அமானிதம்.

புது வசதிகளைப் பார்க்க விரும்பினால், வீட்டில் சும்மா கிடக்கும் கணினியில் பரீட்சார்த்தப் பதிப்பைப் போட்டுப் பாருங்கள். பிழை கண்டால் நிறுவனத்துக்கு அறிவியுங்கள், பரீட்சிப்பதே அதற்குத்தான். கடைக் கணினிக்கு முழுமையான பதிப்பு வெளிவந்து சில வாரம் கழியட்டும். அதற்கு முன் கணக்குகளை வெளி வன்தட்டொன்றில் பிரதி எடுத்து, கழற்றி வேறிடத்தில் வையுங்கள். பிரதி திறக்கிறதா என்று ஒருமுறை திறந்தும் பாருங்கள். பலர் இதைச் செய்வதில்லை.