முரசறையும் தேவனும் என்ட்ரோபியும்

சென்ற ஆண்டு நம் சங்கத்தின் மாதக் கூட்டம் ஒன்றில் "என்ட்ரோபி" பற்றி நான் பேசியது அன்பர் சிலருக்கேனும் நினைவிருக்கலாம். கைதட்டல் பெறும் ஆசை யாரை விட்டது! "என்ட்ரோபி என்பது பௌதிகம் கண்ட அழிவுத் தெய்வம், மலையை மணலாக்குவதும் அதுவே, மன்னர் கோட்டையை மண்மேடாக்குவதும் அதுவே" என்று முழங்கினேன். கைதட்டலும் கிடைத்தது. அது அடங்கியபின் தாவரவியல் முதலாண்டு மாணவி ஒருவர் எழுந்தார். "அண்ணா, அந்தத் தெய்வம் எல்லாவற்றையும் அழிக்கிறது என்றால் விதை எப்படி மரமாகிறது?" என்று கேட்டார். நான் ஏதோ சொல்லி மழுப்பினேன். நல்லவேளையாகத் தேநீர் வந்து என்னைக் காப்பாற்றியது. ஆயினும் கடன் கடன்தானே. அதனை இங்கே தீர்க்க முயல்கிறேன்.

விடை காண எனக்குத் துணைநின்றது பாடநூல் மட்டுமன்று. ஒரு கற்பனைப் புராணமும் ஆகும். அயர்லாந்துப் பிரபு குடும்பத்தவரான டன்சனி (1878–1957) என்பார், 1905-இல் "பெகானாவின் தெய்வங்கள்" என்ற சிறு நூலை ஆங்கிலத்தில் வெளியிட்டார். அதில் வரும் தெய்வங்கள் எந்த நாட்டுக் கோயிலிலும் இல்லாதவை, அவரே படைத்துக்கொண்டவை. அந்நூலை அச்சிட்ட செலவையும் அவரே ஏற்றுக்கொண்டார். நம் ஆண்டு மலருக்கு நன்கொடை திரட்டுவோர் இதனைக் குறித்துக்கொள்க!

அப்புராணத்தின் முழுமுதல், மானா-யூத்-சுஷாய் என்பவன். அவன் சிறு தெய்வங்களைப் படைத்தான். ஸ்கார்ல் என்னும் முரசறைவோனையும் படைத்தான். ஸ்கார்ல் முரசை அறைய, மானாவுக்கு உறக்கம் வந்தது. அவன் உறங்கும் வேளையில் சிறு தெய்வங்கள் விளையாட்டாக உலகங்களைச் செய்தன. முரசு ஒலிக்கும் மட்டும் மானா உறங்குவான், உலகமும் நிலைக்கும். ஒரு கணம் அவ்வொலி நின்றால் மானா விழிப்பான். பின்னர் உலகமும் இல்லை, தெய்வங்களும் இல்லை!

இதே நூலில் ஸிஷ் என்றொரு தேவனும் உண்டு. நாழிகைகளை அழிப்பவன் அவன். காலமே அவனது வேட்டைநாய். அடுத்த ஆண்டு, 1906-இல், டன்சனி எழுதிய கதையொன்றில் தெய்வங்கள் ஆசையோடு கட்டிய சார்த்தாத்ரியன் என்னும் பளிங்கு நகரைக் காலம் வாளெடுத்து வீழ்த்துகிறது; பிறகு அத்தெய்வங்களையே உற்று நோக்குகிறது. படிக்கும்போது மெய் சிலிர்க்கும். நான் சென்ற ஆண்டு மேடையில் வருணித்த என்ட்ரோபி இந்த வாளேந்திய காலம்தான். என் பிழையும் அங்கேதான் இருந்தது.

என்ட்ரோபியிடம் வாள் இல்லை. 1865-இல் அப்பெயரைச் சூட்டிய கிளாசியஸ், "மாற்றம்" என்று பொருள்படும் கிரேக்கச் சொல்லிலிருந்தே அதனை அமைத்தார். அழிவு என்னும் பொருள் அதில் இல்லை. 1877-இல் போல்ட்ஸ்மான் அதனை எண்ணிக்கையாகவே காட்டிவிட்டார். பத்து நாணயங்களைச் சுண்டுவோம். பூவும் தலையுமாக அவை விழக்கூடிய வகைகள் 1024. பத்தும் தலையாக விழ ஒரே ஒரு வகை. ஐந்து தலை, ஐந்து பூ என விழ 252 வகைகள். பத்துத் தலைகளை ஒழுங்காக அடுக்கி வைத்துவிட்டுப் பெட்டியைக் குலுக்கினால் அவ்வொழுங்கு கலைகிறது. கலைத்தது யார்? எவரும் அல்லர். கலைந்த நிலைகள் மிகப் பல, ஒழுங்கான நிலை ஒன்று, அவ்வளவே. இங்கே பத்து நாணயங்கள். ஒரு கிண்ணத் தேநீரிலோ, ஐந்துக்குப்பின் இருபத்து நான்கு சுழியங்கள் இட்டாற்போன்ற அளவு மூலக்கூறுகள் உள்ளன. ஆறிய தேநீர் தானே சூடாகும் என்று காத்திருப்பவன் எவ்வளவு காலம் காத்திருக்கவேண்டும்! (நம் விடுதியில் அது சூடாக வந்ததே இல்லை என்பது வேறு செய்தி.)

ஆகவே அழிப்பதற்குத் தெய்வம் வேண்டியதில்லை. காப்பதற்குத்தான் ஓயாத உழைப்பு வேண்டும். ஸ்கார்லின் முரசு அதனைத்தான் சொல்லுகிறது.

இனி விதைக்கு வருவோம். ஏறத்தாழ 5,500 பாகை வெப்பமுள்ள கதிரவன் பரப்பிலிருந்து பூமிக்கு ஒளி வருகிறது. ஏறத்தாழ அதே அளவு ஆற்றலைப் பூமி மீண்டும் வானுக்கே அனுப்பிவிடுகிறது. பெற்றதும் கொடுத்ததும் சமமென்றால் நமக்கு என்ன ஆதாயம்? ஆதாயம் தரத்திலே உள்ளது. வந்து சேரும் ஒவ்வோர் ஒளித்துகளுக்கும் ஈடாக ஏறத்தாழ இருபது துகள்கள் அகச்சிவப்பு வெப்பமாக வெளியேறுகின்றன. ஒன்று வந்து இருபதாய்ச் சிதறுகிறது. அச்சிதறலில் வெளியேறும் என்ட்ரோபிதான், காற்றின் கரியை இலையாகவும் தண்டாகவும் அடுக்க இடம் தருகிறது. மண்ணுக்குள் இருளில் முளைக்கும் விதையும், தாய்மரம் சேர்த்து வைத்த பழைய வெயிலைத்தான் உண்ணுகிறது. நம்மைப் பொறுத்தவரை முரசு, கதிரவன். அதன் கை ஓய இன்னும் ஏறத்தாழ 500 கோடி ஆண்டுகள் உண்டு.

கதையும் பௌதிகமும் முற்றும் ஒத்துவிடவில்லை. மானா விழித்தால் எல்லாம் நொடியில் மறையும். ஆனால் 1852-இல் கெல்வின் (அப்போது அவர் வில்லியம் தாம்சன்) ஆற்றலின் சிதைவு பற்றி எழுதியபோது காட்டிய முடிவு அத்தகையதன்று. ஆற்றல் ஓர் அணுவளவும் மறைவதில்லை. எங்கும் ஒரே வெப்பமாகிவிடுவதால், வேலை செய்ய வேறுபாடு மிஞ்சுவதில்லை. அதற்கென ஒரு நாளோ நாழிகையோ இல்லை. என் அறைத் தோழரோ, "நடராசர் கையிலும் உடுக்கை உண்டே!" என்று வாதிட்டார். உண்டு, ஆனால் நம் மரபில் உடுக்கை படைப்பின் அடையாளம், காப்பது அஞ்சேல் என்னும் கை, அழிப்பது தீ. ஸ்கார்லின் முரசு அந்த அஞ்சேல் கையின் வேலையைச் செய்கிறது.

அந்த மாணவி இப்போது இரண்டாமாண்டு. அடுத்து அவர் கேட்கக்கூடியதை நானே கேட்டுவிடுகிறேன்: முதன்முதலில் நாணயங்களை அவ்வளவு ஒழுங்காக அடுக்கியது எது? பிரபஞ்சத் தொடக்கத்தில் என்ட்ரோபி ஏன் அத்துணைக் குறைவாக இருந்தது? பௌதிகர் இன்றும் வழக்காடும் வினா அது. டன்சனியின் நூலும் அங்கேதான் தொடங்குகிறது. ஆதிக்கும் முந்தைய மூடுபனியில் விதியும் தற்செயலும் சீட்டுப் போட்டுப் பார்த்தன. வென்றவர் மானாவிடம் சென்று, தமக்காகத் தெய்வங்களைப் படைக்கச் சொன்னார். வென்றது விதியா, தற்செயலா என்று பெகானாவில் எவருக்கும் தெரியாது.