ஷிப்ட் இல்லாத நாளில் நண்டு கட்லெட்

சுங்குவார்சத்திரத்துலயோ ஒரகடத்துலயோ ரூம் எடுத்துத் தங்கி வேலைக்குப் போற தங்கச்சிகளுக்கு ஒண்ணு சொல்றேன். நண்டு கட்லெட் உடையுதுன்னா குத்தம் எண்ணெய்ல இல்ல, உள்ள நிக்கிற தண்ணியில. வாங்குறதுல இருந்து பொரிக்கிற வரைக்கும் தண்ணிய விரட்டுறதுதான் வேலையே.

வாங்கும்போது

* கையில தூக்கிப் பாருங்க. அளவுக்குத் தகுந்த கனம் இருக்கணும். லேசா இருந்து, ஓடு அமுங்குச்சுன்னா அது புதுசா ஓடு மாத்தின நண்டு. உள்ள சதையவிட தண்ணிதான் அதிகம்.
* வயித்துப் பக்கம் மூடி குறுகலா முக்கோணமா இருந்தா ஆண், அகலமா வட்டமா இருந்தா பெண். கட்லெட்டுக்குப் பெரிய கொடுக்கு உள்ள ஆண் நண்டே போதும். முட்டை சுமக்கிற நண்டை விட்டுடுங்க.
* நம்ம பக்கம் கடல் கிடையாது. காசிமேட்டு நண்டு ஐஸ்லதான் வந்து சேரும். காரமா மூக்கைத் துளைக்கிற வாடை அடிச்சா விலை குறைச்சாலும் வேண்டாம்.
* ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் விசைப்படகு கடலுக்குப் போகாது. அப்ப பழவேற்காட்டுக் களி நண்டு கிடைச்சா வாங்கலாம், ஆனா உயிரோட இருக்கணும்.

முதல் நாள் ராத்திரி

* ஓட்டைக் கழட்டி, ரெண்டு பக்கமும் வரிசையா இருக்கிற சாம்பல் நிறச் செவுளையும் வயித்து மூடியையும் எடுத்துடுங்க. ரெண்டா உடைச்சு அலசி, நல்லா வடிய விடுங்க.
* தண்ணியில போட்டு வேக வைக்காதீங்க. இட்லிப் பானையில மஞ்சள் தூவி 10–12 நிமிஷம் ஆவி காட்டுங்க.
* ஆறினதும் சதைய எடுங்க. கொடுக்கைப் பாக்குவெட்டியால உடைக்கலாம். சின்னக் கால் மேல சப்பாத்திக் கட்டைய உருட்டினா சதை தானா பிதுங்கி வரும். ஓட்டுத் துண்டு கலந்திருக்கான்னு விரலால தடவிப் பாத்துட்டு, மூடி போட்டு ஃப்ரிட்ஜ்ல வைங்க.
* ஒரு கிலோ நண்டுல கிட்டத்தட்ட கால் கிலோ சதைதான் தேறும். அதுக்குத் தகுந்த மாதிரி ஆளைக் கூப்பிடுங்க!

மறுநாள் பிசையும்போது

* கால் கிலோ சதைக்கு நடுத்தர உருளைக்கிழங்கு ஒண்ணு போதும். அதிகமானா அது உருளைக்கிழங்கு கட்லெட். கிழங்கை முழுசா தோலோட வேக வைங்க, ஆறினப்புறம் மசிங்க.
* சின்ன வெங்காயம், இஞ்சி, பச்சைமிளகாய், கறிவேப்பிலைய ஈரம் போக வதக்கி ஆற வைங்க. பச்சை வெங்காயம் போட்டா தண்ணி விடும்.
* மிளகு ஒரு ஸ்பூன், சோம்பு அரை ஸ்பூன், கோலா உருண்டைக்குப் போடுற அதே பொட்டுக்கடலை மாவு ரெண்டு டேபிள்ஸ்பூன். மிச்சம் இருக்கிற ஈரத்த மாவு இழுத்துக்கும்.
* உப்பைக் கடைசியா, கொஞ்சமா போடுங்க. கடல் நண்டுல ஏற்கெனவே உப்பு இருக்கு.
* அழுத்திப் பிசையாதீங்க, நண்டு நார் நாரா தெரியணும். எட்டு ஒன்பது தட்டி, அரைமணி நேரம் ஃப்ரிட்ஜ்ல வைங்க.

பொரிக்கும்போது

* அடிச்ச முட்டையில தோய்ச்சு ரஸ்க் தூள்ல புரட்டுங்க.
* ஒரு துளி ரஸ்க் தூள் போட்டா உடனே நுரைச்சு மேல வரணும், அதுதான் எண்ணெய்க்குப் பதம். மூணு மூணா போடுங்க. கூட்டினா சூடு இறங்கி எண்ணெய் குடிக்கும்.
* அடிப்பக்கம் சிவக்கிற வரைக்கும் கரண்டி படக்கூடாது. ஒரே ஒரு தடவை திருப்புங்க.

கவனம்

* ரூம்மேட் யாருக்காவது நண்டு, இறால் ஒத்துக்காதான்னு முதல்லயே கேளுங்க. அவங்களுக்குப் பொரிக்கிறதுன்னா எண்ணெய், சட்டி ரெண்டும் வேற.
* பொரிச்சதைக் காலைல டப்பாவில அடைச்சு, மத்தியானம் வரைக்கும் வெக்கைல வைக்காதீங்க. தட்டினதை ஃப்ரீசர்ல வச்சு, வேணும்போது பொரிங்க.
* ஆவி வச்ச தண்ணியும் ஓடும் அன்னிக்கு ராத்திரியே மிளகு ரசமாகட்டும். கொதிச்ச ஓட்டைப் பையில கட்டி அப்பவே வெளிய போட்டுடுங்க. விடிஞ்சா வாடை கீழ் வீட்டு ஓனர் வரைக்கும் போயிடும்.