தண்ணீரை விற்கும் மலைநாடு

தென் ஆப்பிரிக்காவின் வரைபடத்தை எடுத்துப் பாருங்கள். கிழக்குப் பக்கமாக, வடையில் ஓட்டை போட்ட மாதிரி ஒரு சின்ன நாடு தெரியும். அதுதான் லெசோத்தோ. நாலா பக்கமும் ஒரே நாடுதான் எல்லை. பரப்பு 30,355 சதுர கி.மீ.; மக்கள் சுமார் 23 லட்சம்; தலைநகர் மசேரு. நாட்டின் மிகத் தாழ்வான இடமே கடல்மட்டத்திலிருந்து சுமார் 1,400 மீட்டர் உயரம்! குளிர்காலத்தில் பனி கொட்டும். ஆப்பிரிக்கா என்றதும் பாலைவனத்தையும் சிங்கத்தையும் நினைக்கிற நமக்கு, கம்பளி போர்த்திக்கொண்டு மட்டக்குதிரையில் போகிற பசோத்தோ மக்கள் புதுசாகத்தான் இருப்பார்கள்.

ஏன் இப்படி மலையில் போய் ஒண்டினார்கள்? ஒண்டவில்லை, தள்ளப்பட்டார்கள் என்பதே சரி. 1824-இல் மொஷ்வேஷ்வே என்ற தலைவர், தபா போசியு என்ற தட்டையான குன்றின்மேல் கோட்டை அமைத்து, போரில் சிதறி வந்த கூட்டங்களுக்கெல்லாம் இடம் கொடுத்தார். அப்படித்தான் இந்த இனமே உருவானது. பிறகு வெள்ளைக் குடியேறிகளான போயர்களோடு மூன்று போர்கள். குன்றை அவர்களால் பிடிக்க முடியவில்லை. ஆனால் கலெடன் ஆற்றுக்கு மேற்கே இருந்த நல்ல விளைநிலம் போய்விட்டது. வேறு வழியில்லாமல் 1868-இல் பிரிட்டிஷ் பாதுகாப்புக்குள் வந்தார்கள். 1966 அக்டோபர் 4-இல் சுதந்திரம்.

நிலம் போனால் வயிற்றுக்கு என்ன வழி? ஆண்கள் தலைமுறை தலைமுறையாகத் தென் ஆப்பிரிக்கத் தங்கச் சுரங்கங்களுக்குப் போனார்கள். பையன்கள் ஆடுமாடு மேய்க்க மலைக்குப் போய்விடுவதால், இங்கே ஆண்களைவிடப் பெண்களுக்குத்தான் எழுத்தறிவு அதிகம். சாப்பாடு மக்காச்சோளக் களியும் கீரையும். 1990-களில் சுரங்கங்கள் ஆட்குறைப்புச் செய்தபோது பல வீடுகளில் அடுப்பே எரியவில்லை.

மிச்சமிருந்த சொத்து தண்ணீர்தான். 1986 ஜனவரியில் தென் ஆப்பிரிக்கா எல்லையை அடைத்து நெருக்கியது; அதே மாதம் லெசோத்தோவில் ராணுவம் ஆட்சியைப் பிடித்தது; அக்டோபரில் தண்ணீர் ஒப்பந்தம் கையெழுத்தானது. இந்த வரிசையை நீங்களே யோசித்துக்கொள்ளுங்கள்.

சிவில் நண்பர்கள் கவனிக்க: கட்சே அணை 185 மீட்டர் உயரம், இரட்டை வளைவுக் கான்கிரீட் அணை. அங்கிருந்து மலையைக் குடைந்த சுமார் 82 கி.மீ. சுரங்க வழியாகத் தண்ணீர் தென் ஆப்பிரிக்காவுக்குத் தானாகவே இறங்குகிறது, பம்ப் கிடையாது. போகிற வழியில் முவேலாவில் 72 மெகாவாட் மின்சாரமும் எடுக்கிறார்கள். பம்ப் வைத்து ஏற்றியிருந்தால் தென் ஆப்பிரிக்காவுக்கு எவ்வளவு செலவாகியிருக்குமோ, அதில் மிச்சமானதைக் கணக்கிட்டு 56 சதவீதம் லெசோத்தோவுக்கு ராயல்டி. நல்ல கணக்குதான். 1998 முதல் தண்ணீர் போகிறது, பணமும் வருகிறது.

ஆனால் அணை நிரம்பும்போது, 1996-இல், சிறுசிறு நிலநடுக்கங்கள் வந்து மாபெலெங் கிராமத்தில் பூமி வெடித்தது. திட்டத்தின் தலைமை அதிகாரியே லஞ்சம் வாங்கியதாக 2002-இல் தண்டிக்கப்பட்டார். கொடுத்த அந்நியக் கம்பெனிகளையும் இந்தச் சின்ன நாடு விடாமல் கோர்ட்டுக்கு இழுத்தது, சபாஷ்! வயல் மூழ்கியவர்களுக்கு வருஷாவருஷம் தானியம் கொடுக்கிறார்கள், 50 வருஷத்துக்கு. வயல் இருந்திருந்தால் பேரன் காலத்துக்கு அப்புறமும் விளைந்திருக்கும். இப்போது மொக்கோட்லோங் மாவட்டத்தில் பொலிஹாலி என்ற அடுத்த அணை எழும்பிக்கொண்டிருக்கிறது.