வீட்டிலேயே கலர் ஐஸ்... வயிற்றுக்கு வம்பில்லை!

சித்திரை பிறந்து, அக்னி நட்சத்திரமும் தொடங்கிவிட்டால் செஞ்சிப் பக்கம் வெயில் எப்படி இருக்கும் என்று அங்கே இருப்பவர்களைக் கேட்டுப் பாருங்கள். ராஜகிரி, கிருஷ்ணகிரி, சந்திரகிரி என்று மூன்று பாறை மலைகள். பகலெல்லாம் வாங்கிய சூட்டை அந்தப் பாறைகள் பொழுது சாய்ந்த பிறகும் விட்டுக்கொண்டே இருக்கும். பக்கத்து வல்லத்திலும் இதே கதைதான். (தஞ்சாவூர் வல்லம் இல்லை, இது செஞ்சி வல்லம்!)

2025 ஜூலையில் செஞ்சிக் கோட்டை யுனெஸ்கோவின் உலகப் பாரம்பரியச் சின்னமானது. மராட்டியர் கால ராணுவக் கோட்டைகள் என்று தேர்வான பன்னிரண்டில் தமிழ்நாட்டிலிருந்து இடம் பிடித்தது இது ஒன்றுதான். கோடை விடுமுறையில் குடும்பத்தோடு கோட்டை ஏறி இறங்கினால் பெரியவர்களுக்கே நாக்கு வறண்டு போகும். பசங்களைக் கேட்கவா வேண்டும்? வண்டியில் ஐஸைச் சீவி, சிவப்பும் பச்சையுமாகச் சர்பத் ஊற்றித் தருவதைப் பார்த்துவிட்டால், "அம்மா, எனக்கு... எனக்கு!" என்று ஆரம்பித்துவிடுவார்கள்.

வேண்டாம் என்றால் அழுகை. வாங்கிக் கொடுத்தால் ராத்திரி வயிற்று வலி வருமோ என்ற பயம். இந்த இரண்டுக்கும் நடுவே மூன்றாவதாக ஒரு வழி உண்டு. நீங்களே வீட்டில் செய்து கொடுப்பது! அதற்கு மிஷின் வேண்டாம், பெரிய செலவும் இல்லை. ஆனால் ஒரே ஒரு விஷயத்தை முதலில் மனதில் வாங்கிக்கொள்ள வேண்டும்.

குளிரில் கிருமி சாகாது!

"ஐஸ் ஆகிவிட்டதே, அதில் கிருமி எப்படி உயிரோடு இருக்கும்?" என்று படித்தவர்களே கேட்கிறார்கள். இது தப்புக் கணக்கு. கொதிக்க வைத்தால் கிருமி சாகும். உறைய வைத்தால் பெரும்பாலும் தூங்கத்தான் செய்யும். ஐஸ் வாயில் கரைந்ததும் விழித்துக்கொள்ளும். டைபாய்டு, காலரா, மஞ்சள் காமாலையை உண்டாக்கும் ஹெபடைடிஸ் ஏ, சாதாரண வயிற்றுப்போக்கு... இவை எல்லாமே தண்ணீர் வழியாக வருகிறவை. அந்தத் தண்ணீரில் செய்த ஐஸ் வழியாகவும் வரும்.

பழைய கதை ஒன்று சொன்னால் இது இன்னும் நன்றாகப் புரியும். சென்னைக் கடற்கரையில் இன்று விவேகானந்தர் இல்லம் என்று இருக்கிறதே, அந்தக் கட்டடத்துக்கு ஐஸ் ஹவுஸ் என்று ஏன் பெயர் வந்தது தெரியுமா? அமெரிக்காவில் குளிர்காலத்தில் உறைந்துபோன ஏரிகளிலிருந்து பாளம் பாளமாக ஐஸை அறுத்து, மரத்தூளில் பொதிந்து, கப்பலில் ஏற்றிக் கொண்டுவந்து இங்கே சேமித்தார்கள். டூடர் என்ற அமெரிக்கக் கம்பெனி 1842 வாக்கில் கட்டியது அது. அந்த ஐஸ் சுத்தமா இல்லையா என்பதை அந்த ஏரியின் தண்ணீர்தான் தீர்மானித்தது. இன்று ஐஸ் ஃபேக்டரி வந்துவிட்டது, வீட்டுக்கு வீடு ஃபிரிட்ஜும் வந்துவிட்டது. ஆனாலும் விதி மாறவில்லை. தண்ணீர் எப்படியோ, ஐஸும் அப்படியே.

வெளியில் கிடைக்கும் ஐஸில் இன்னொரு சிக்கலும் உண்டு. மீனைக் கெடாமல் வைப்பது போன்ற வேலைகளுக்கென்றே ஐஸ் பார் தயாராகிறது. அது சாப்பிடுவதற்கென்று செய்தது இல்லை. பார்வைக்குச் சாப்பிடும் ஐஸும் அதுவும் ஒன்றுபோலத்தான் இருக்கும். இந்தக் குழப்பம் வரக்கூடாது என்றுதான் மகாராஷ்டிரத்தில் 2018-ல், சாப்பிடத் தகாத ஐஸுக்கு நீல நிறம் சேர்க்கச் சொல்லி உத்தரவு போட்டார்கள்.

கலர் விஷயத்துக்கு வருவோம். 2024 பிப்ரவரியில் நம் பக்கத்துப் புதுச்சேரியிலும், அதைத் தொடர்ந்து தமிழ்நாட்டிலும் பஞ்சுமிட்டாய்க்குத் தடை வந்தது நினைவிருக்கிறதா? துணிக்குச் சாயம் ஏற்றும் ரோடமின் பி என்ற பொருள் அதில் இருந்ததுதான் காரணம். உணவில் சேர்க்க நம் நாட்டில் அனுமதி உள்ள செயற்கை நிறங்கள் எட்டே எட்டுதான். அவற்றுக்கும் அளவு உண்டு. ஊற்றியிருப்பது அனுமதி பெற்ற நிறமா, துணிச் சாயமா என்று கண்ணால் பார்த்துச் சொல்ல யாராலும் முடியாது.

எல்லா வண்டிக்காரரும் ஏமாற்றுகிறார் என்று இதற்கு அர்த்தம் இல்லை. ஐஸ் பார் எந்தத் தண்ணீரில் செய்தது என்று அவருக்கே தெரியாமல் இருக்கலாம். உங்கள் வீட்டு ஐஸ் எந்தத் தண்ணீரில் செய்தது என்று உங்களுக்குத் தெரியும். வித்தியாசம் அவ்வளவுதான்.

முதல் பாடம்: ஐஸ்

கிணற்றுத் தண்ணீரோ, போர் தண்ணீரோ, குழாய்த் தண்ணீரோ, கேன் தண்ணீரோ, எதுவானாலும் கொதிக்க வையுங்கள். தளதளவென்று கொப்பளிக்கத் தொடங்கிய பிறகு முழுதாக ஒரு நிமிடம் கொதிக்க வேண்டும். அதே பாத்திரத்தில் மூடி போட்டு ஆற விடுங்கள். கை விட்டு மொள்ளாதீர்கள்.

ஐஸ் டிரேயைச் சோப்புப் போட்டுக் கழுவி, ஆறிய தண்ணீரை ஊற்றி ஃபிரீசரில் வையுங்கள். மீனும் கறியும் வைக்கும் ஃபிரீசர் என்றால் அவற்றை மூடிய டப்பாவில் போட்டுக் கீழேயும், டிரேயை மேலேயும் வைப்பது நல்லது.

ஐஸ் தயாரானதும் சீவுவதற்கு மூன்று வழிகள் இருக்கின்றன.

மிக்ஸி: ஐஸ் கட்டியை வெளியே எடுத்து இரண்டு நிமிடம் வையுங்கள். மேலே லேசாக வியர்க்கும். இப்போது ஒரு கைப்பிடி மட்டும் ஜாரில் போட்டு, விட்டு விட்டு நாலைந்து தடவை ஓட்டுங்கள். தொடர்ந்து ஓட்டினால் தண்ணீராகிவிடும். ஜார் நிறையப் போட்டால் பிளேடு போய்விடும். தேங்கிய தண்ணீரை வடிகட்டியில் வடித்துவிடுங்கள்.

துணிப்பை: கொதிநீரில் அலசிக் காயவைத்த கெட்டியான பருத்தித் துணிப்பையில் ஐஸைப் போட்டு, வாயை முறுக்கிப் பிடித்துக்கொண்டு சப்பாத்திக் கட்டையால் தட்டுங்கள். கரண்ட் போனாலும் கவலையில்லை.

தட்டும் முள்கரண்டியும்: இதுதான் எல்லாவற்றிலும் சுலபம். பழச்சாற்றையே எவர்சில்வர் தட்டில் முக்கால் அங்குல உயரத்துக்கு ஊற்றி ஃபிரீசரில் வையுங்கள். ஒரு மணி நேரம் கழித்து ஓரத்திலிருந்து நடுவுக்கு முள்கரண்டியால் கீறிவிடுங்கள். பிறகு அரை மணிக்கு ஒரு தடவை இப்படியே செய்யுங்கள். மூன்று மணி நேரத்தில் பூப்பூவாக உதிரும். சர்க்கரை கலந்த நீர் வெறும் தண்ணீரைப் போல இறுகாது. அதனால்தான் முள்கரண்டிக்கே வசப்படுகிறது. ஆனால் சர்க்கரையை அள்ளிப் போட்டால் உறையவே உறையாது, கூழாகவே நிற்கும்!

இரண்டாம் பாடம்: பாகு

200 கிராம் சர்க்கரை, 200 மில்லி தண்ணீர். அடுப்பில் வைத்துக் கரைந்ததும் மூன்று நிமிடம் கொதிக்கட்டும். கம்பிப் பதம் வேண்டாம். நாலு சொட்டு எலுமிச்சைச் சாறு விட்டால் பாகு பூத்துப் போகாது. ஆறியதும் சுத்தமான பாட்டிலில் ஊற்றி ஃபிரிட்ஜில் வைத்தால் ஒரு வாரம் தாங்கும். இதை அடிப்படையாக வைத்துக்கொண்டு விதவிதமாகச் செய்யலாம்.

நன்னாரி: 25 கிராம் வேரைக் கழுவி, தட்டி, நடு நரம்பை எடுத்துவிடுங்கள். இரண்டு டம்ளர் கொதிநீரில் ராத்திரி முழுக்க மூடி ஊற வைத்து வடிகட்டுங்கள். அந்த நீரோடு 200 கிராம் சர்க்கரை சேர்த்துப் பாதியாக வற்றும்வரை காய்ச்சுங்கள். பரிமாறும்போது அரை மூடி எலுமிச்சை பிழிந்தால் போதும். மணம் தெருவுக்கே போகும்!

பன்னீர் திராட்சை: கம்பம் பள்ளத்தாக்கின் இந்தத் திராட்சைக்கு 2023-ல் புவிசார் குறியீடு கிடைத்தது. அரைக் கிலோ எடுத்து உப்புத் தண்ணீரில் அலசி, பிறகு நல்ல தண்ணீரில் கழுவுங்கள். அரை டம்ளர் தண்ணீர் விட்டுப் பத்து நிமிடம் வேகவைத்து, மசித்து, வடிகட்டி, 100 கிராம் சர்க்கரை சேர்த்து ஒரு கொதி விடுங்கள். எந்தக் கலர் பொடியும் தர முடியாத ஊதா நிறம் வரும்.

பானக ஐஸ்: விழுப்புரம் மாவட்டத்தில் பனைக்குப் பஞ்சமா என்ன! 100 கிராம் பனைவெல்லத்தை ஒரு டம்ளர் தண்ணீரில் கொதிக்கவைத்து வடிகட்டுங்கள். அரை டீஸ்பூன் சுக்குப் பொடி, இரண்டு ஏலக்காய், கொஞ்சம் எலுமிச்சைச் சாறு. ராமநவமிப் பானகம் ஐஸாக மாறிவிட்டது. மேலே நாலு நுங்குத் துண்டு போட்டால் தாத்தா பாட்டிகூடக் கிண்ணம் நீட்டுவார்கள்.

தர்பூசணி: திண்டிவனம், மரக்காணம் பக்கம் விளைந்து வருவது. சர்க்கரையே வேண்டாம். விதை நீக்கி மிக்ஸியில் அடித்து, ஒரு சிட்டிகை உப்பு, நாலு புதினா இலை சேர்த்துத் தட்டில் ஊற்றி உறைய வையுங்கள். இது கொதிக்க வைக்காத சாறு. அதனால் வெட்டும் முன் பழத்தின் தோலை நன்றாகக் கழுவுங்கள். தோலில் இருக்கும் மண்ணைக் கத்திதான் உள்ளே கொண்டு போகிறது.

நீல ஐஸ்: பசங்களுக்கு நீலம்தான் வேண்டும் என்றால்? வேலியில் இருக்கிறதே சங்குப்பூ! பூச்சி மருந்து படாத பத்துப் பூவைக் காம்பு நீக்கிக் கழுவி, அரை டம்ளர் கொதிநீரில் போட்டு மூடி வையுங்கள். நீலம் இறங்கும். அதைச் சர்க்கரைப் பாகில் கலந்து ஐஸில் ஊற்றுங்கள். மேலே எலுமிச்சை பிழிந்தால் கண் முன்னாலேயே ஊதாவாக மாறும். பசங்க கைதட்டுவார்கள், பாருங்கள்!

எவ்வளவு சாப்பிடலாம்?

வீட்டில் செய்தது என்பதற்காகக் கணக்கில்லாமல் கொடுக்கக்கூடாது. 200 கிராம் சர்க்கரையில் செய்த பாகை, ஆளுக்கு இரண்டு மேஜைக்கரண்டி வீதம் ஊற்றினால் சுமார் பத்துப் பேருக்கு வரும். அப்படியானால் தலைக்கு 20 கிராம் சர்க்கரை, அதாவது நாலு டீஸ்பூன். தனியாகச் சேர்க்கும் சர்க்கரையை ஒரு நாளைக்குச் சுமார் 25 கிராமுக்குள் நிறுத்திக்கொள்வது பெரியவர்களுக்கே நல்லது என்பது உலக சுகாதார நிறுவனம் 2015-ல் சொன்ன யோசனை. குழந்தைக்கு அதைவிடக் குறைவு. காபி, பிஸ்கட், ஜாம் எல்லாம் இதற்கு மேல்! ஆகவே ஒரு கரண்டிப் பாகு ஊற்றி, மீதியைப் பழத் துண்டால் நிரப்புங்கள். வாரத்துக்கு இரண்டு தடவை போதும்.

சர்க்கரை நோய் உள்ளவர்களுக்குப் பனைவெல்லமும் சர்க்கரைதான். "வெல்லம்தானே" என்று ஏமாற வேண்டாம். அவர்களுக்கு எலுமிச்சை, இஞ்சி, உப்பு சேர்த்த மோர் ஐஸ் செய்து கொடுங்கள்.

நாலு வயதுக்குக் கீழே உள்ள குழந்தைக்குக் கட்டி ஐஸ் தரக்கூடாது. தொண்டையில் சிக்கிக்கொள்ளும். பூப்போலச் சீவியதை, உட்கார வைத்து, ஸ்பூனால் ஊட்டுங்கள். ஒரு வயது ஆகாத குழந்தைக்கு இதெல்லாம் வேண்டவே வேண்டாம்.

"ஐஸ் தின்றால் சளி பிடிக்குமே?" என்பீர்கள். ஜலதோஷம் வைரஸால் வருவது. ஐஸ் அதை உண்டாக்குவதில்லை. ஆனால் ஆஸ்துமா உள்ள சிலருக்குக் குளிர்ச்சி பட்டதும் இருமலும் இழுப்பும் வரலாம். அவர்கள் டாக்டரைக் கேட்டுக்கொள்வது நல்லது.

ஐஸ் மருந்து ஆகாது

வெயிலில் அலைந்து வந்தவருக்கு ஐஸ் வாய்க்கு இதம் தரும். வியர்வையில் போன தண்ணீரையும் உப்பையும் அது ஈடுகட்டாது. முதலில் தண்ணீரோ உப்புப் போட்ட மோரோ கொடுத்துவிட்டு, அப்புறம் ஐஸ் கொடுங்கள். வயிற்றுப்போக்கு என்றால் ஐஸை நிறுத்திவிட்டு ஓ.ஆர்.எஸ். கொடுங்கள். பாக்கெட் கைவசம் இல்லையா? கொதித்து ஆறிய ஒரு லிட்டர் தண்ணீரில் தலை தட்டிய ஆறு டீஸ்பூன் சர்க்கரையும் அரை டீஸ்பூன் உப்பும் கரைத்துக் கொஞ்சம் கொஞ்சமாகக் கொடுக்கலாம். உப்பு அளவு மட்டும் கூடவே கூடாது.

உடம்பு நெருப்பாகச் சுட்டு, பேச்சுக் குழறி, ஆள் மயங்கினால் அது வெப்பத் தாக்கு. வாயில் ஐஸோ தண்ணீரோ விடாதீர்கள், புரை ஏறிவிடும். நிழலில் படுக்க வைத்து, உடம்பெல்லாம் தண்ணீரால் நனைத்து விசிறிக்கொண்டே 108-க்குப் போன் செய்யுங்கள்.

கடைசியாக ஒரு வார்த்தை. கரண்ட் போய் வந்த பிறகு ஃபிரீசரைத் திறந்து பாருங்கள். தனித்தனியாக இருந்த ஐஸ் கட்டிகள் ஒட்டி ஒரே பாளமாகிவிட்டால் அவை உருகி மறுபடி உறைந்திருக்கின்றன என்று அர்த்தம். அந்த ஐஸைச் செடிக்கு ஊற்றிவிட்டு, பக்கத்தில் வைத்திருந்த மீன், கறியையும் சோதித்துவிடுங்கள். அப்புறம் அடுப்பில் ஒரு பாத்திரம் தண்ணீர் வையுங்கள். சாயங்காலம் பசங்க விளையாடிவிட்டு வருவதற்குள் புது ஐஸ் தயாராகிவிடும்!